பவளத் தீவுகளில் ஒரு பகல்

மதுரையிலிருந்து திருமங்கலம் வழியாக இராசபாளையம் செல்லும் நெடுஞ்சாலையில் டி. கல்லுப்பட்டி என்னும் ஊர் உள்ளது. அதனைச் சூழ்ந்திருப்பது வானம் பார்த்த பூமி. அருகே தேவன்குறிச்சி மலை நிற்கிறது. மழை பெய்தால் கண்மாய்கள் நிறையும். பொய்த்தால் அவற்றின் அடிமண் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும். இப்பகுதி மாணவர்க்கு நீர்ப்பரப்பு என்றால் கண்மாய்தான். தீவு என்றால் கண்மாயின் நடுவே கருவேல மரங்களோடு தோன்றும் மண்திட்டுத்தான். கண்மாய் பெருகிய நாள்களில் அத்திட்டில் கொக்கும் நாரையும் வந்து தங்கும். சிறுவர் கரையில் நின்றுகொண்டு, அவை எழுந்து பறப்பதைக் காணக் கல்லெறிவர். அங்கே ஒருமுறை சென்றுவர வேண்டும் என்னும் ஆசையும் அவர்கள் உள்ளத்தில் எழும்.

அவ்வாசை மனிதர் அனைவர்க்கும் பொதுவானது. நிலத்தைவிட்டு நீரைக் கடந்து, நாற்புறமும் அலை சூழ்ந்த சிறு நிலத்தில் கால் வைப்பதில் ஒரு தனி மகிழ்ச்சி உண்டு. அதனாலேயே, அந்தமான், மாலத்தீவு, தாய்லாந்து, இந்தோனேசியா முதலிய வெப்பமண்டலக் கடல்களில், காலையிற் படகேறித் தீவுக்குத் தீவு சென்று மாலையில் கரை திரும்பும் பயணம் மக்களைப் பெரிதும் கவர்ந்துள்ளது. அத்தகைய பயணத்துக்கு நாம் கடல் கடந்த நாடுகளுக்குச் செல்ல வேண்டுவதில்லை. கல்லுப்பட்டியிலிருந்து ஏறக்குறைய 200 கிலோமீட்டர் கிழக்கே சென்றால், மன்னார் வளைகுடாவின் தீவுகள் நம்மை எதிர்நோக்கி இருக்கின்றன.

இராமேசுவரத்துக்கும் தூத்துக்குடிக்கும் இடையே, கரையை ஒட்டினாற்போல் ஒரு மாலைபோல் 21 தீவுகள் அமைந்துள்ளன. அவற்றை மண்டபம், கீழக்கரை, வேம்பார், தூத்துக்குடி என நான்கு தொகுதிகளாகப் பிரிப்பர். முதல் இரண்டு தொகுதிகளிலும் ஏழேழு தீவுகள். வேம்பார்த் தொகுதியில் மூன்று. தூத்துக்குடித் தொகுதியில் நான்கு. இவற்றின் பெயர்களே நம்மிடம் கதை சொல்லும். குடிநீர் கிடைத்த தீவை நல்லதண்ணித் தீவு என்றனர். அதற்கு அண்மையில் உள்ள இன்னொன்றை உப்புத்தண்ணித் தீவு என்றனர். கடலோடிக்கு எத்தீவில் தாகம் தீரும், எத்தீவில் தீராது என்பதை அறிவிக்க வேறு பலகை வேண்டுமோ? முயல் தீவு, மனோலி, புள்ளிவாசல், பூமரிச்சான், குருசடை, தலையாரி, ஆனைப்பார், காரைச்சல்லி என்பன மற்றும் சில பெயர்கள். இத்தீவுகளையும் அவற்றைச் சூழ்ந்த ஆழமற்ற கடலையும் அரசு 1986இல் கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவித்தது. பின்னர், 1989இல் வளைகுடாவின் பெரும்பகுதி உயிர்க்கோளக் காப்பகம் ஆயிற்று.

இனி, அத்தீவுகளுக்கு ஒரு நாட்பயணம் புறப்படுவோம். பயணத்துக்கு முதலில் ஆராய வேண்டியது காலம். உழவன் மழையைப் பார்த்து விதைப்பான். கடலோடி காற்றைப் பார்த்துப் படகைத் தள்ளுவான். வடக்கிலிருந்து வருவது வாடை. கிழக்கிலிருந்து வருவது கொண்டல். மேற்கிலிருந்து வருவது கச்சான். தெற்கிலிருந்து வருவது சோழகம். பாம்பன், மண்டபம் பகுதியினர்க்குக் கடல்கள் இரண்டு. பாக்கு நீரிணைப் பக்கம் இருப்பது வடகடல். மன்னார் வளைகுடா தென்கடல். தென்மேற்குப் பருவக்காற்று வீசும் மாதங்களில் தென்கடல் கொந்தளிக்கும். வடகிழக்குப் பருவத்தில் வடகடல் சீறும். ஆகவே, மழைக்காலம் ஓய்ந்த தை, மாசி, பங்குனி மாதங்களே தென்கடல் தீவுகளைக் காண்பதற்கு ஏற்றவை. அப்பொழுது அலை தணிந்து, நீர் தெளிந்திருக்கும்.

நாளிலும் நல்ல வேளை காலைப்பொழுதே. கதிரவன் ஏற ஏற நிலம் கடலைவிட விரைவில் சூடேறும். நிலத்தின்மேல் உள்ள காற்று வெப்பத்தால் விரிந்து மேலெழ, அவ்விடத்தை நிரப்பக் கடலினின்றும் காற்று பாய்ந்துவரும். இதுவே கடற்காற்று. நண்பகலுக்குப்பின் அது வலுப்பெற, சிறு படகுகள் அதிகமாக ஆடும்; நீரும் கலங்கும். எனவே, கல்லுப்பட்டியிலிருந்து செல்வோர் இரவே புறப்பட்டு, மதுரை, மானாமதுரை, பரமக்குடி, இராமநாதபுரம் ஆகிய ஊர்களைக் கடந்து, விடியும் வேளையில் மண்டபத்தை அடைதல் நலம்.

மண்டபத்துக்கு அப்பால் நிலம் முடிகிறது. கடலுக்கு மேலே 1988இல் திறக்கப்பட்ட சாலைப் பாலத்தில் செல்கையில், பக்கத்தில் இருப்புப்பாதைப் பாலத்தைக் காணலாம். 1914இல் திறக்கப்பட்ட பழைய பாம்பன் பாலம் 145 கண்களை உடையது. கப்பல் வந்தபொழுது அதன் நடுப்பகுதி இரு கைகள்போல் விரிந்து வழிவிட்டது. நூறாண்டுக்கு மேல் உழைத்த அப்பாலத்தில் 2022இன் இறுதியில் இரயில் போக்குவரத்து நிறுத்தப்பட்டது. அதன் அருகே, நடுப்பகுதி செங்குத்தாக மேலெழும் புதிய பாலம் 2025 ஏப்பிரல் திங்களில் திறக்கப்பட்டது. பாலத்தைக் கடந்து பாம்பன் தீவின் தென்கரைக்குத் திரும்பினால் குந்துகால் என்னும் இடம் வருகிறது. மேலை நாடுகளில் சொற்பொழிவாற்றித் திரும்பிய விவேகானந்தர் 1897 சனவரி 26ஆம் நாள் தாயகத்தில் கால் வைத்த இடம் இதுவே. இங்கிருந்துதான் குருசடைத் தீவுக்குப் படகுகள் செல்கின்றன.

இத்தீவுகளுக்கு நினைத்தவர் நினைத்தவாறு செல்ல இயலாது. அவை வனத்துறையின் பாதுகாப்பில் உள்ளன. அத்துறை ஏற்பாடு செய்துள்ள படகில், அனுமதிச் சீட்டுப் பெற்று, வழிகாட்டியுடனேயே செல்ல வேண்டும். நீந்தத் தெரிந்தவரும் மிதவை அங்கியை அணிந்தே படகில் ஏற வேண்டும். படகு கவிழ்ந்தால் முதலில் மனிதரை வெல்வது நீரன்று, திகைப்பே. திகைத்தவரையும் மிதவை அங்கி மிதக்கச் செய்யும். எல்லாரும் ஒரே பக்கம் சாய்ந்து வேடிக்கை பார்த்தலும் கூடாது. படகின் எடை நடுவில் நிற்கும்வரை அது நிமிர்ந்து செல்லும். ஒருபுறம் கூடினால் அப்புறமே சரியும்.

இவை நம் உயிரைக் காப்பதற்கான விதிகள். வழிகாட்டி சொல்லும் விதிகள் இன்னும் உண்டு. பவளத்தின்மேல் கால் வைக்கலாகாது. நங்கூரத்தைப் பாறைமேல் எறியலாகாது. நெகிழிப் பையையும் புட்டியையும் கடலில் விடலாகாது. இறங்கவிடும் இடத்திலன்றி வேறிடத்தில் இறங்கலாகாது. தீவிலிருந்து சிப்பியாயினும் கல்லாயினும் எடுத்துவரலாகாது. இவற்றைக் கேட்கும் மாணவன், “இத்தனை பெரிய கடலில் ஒரு கல்லை எடுத்தால் என்ன குறைந்துவிடும்?” என்று எண்ணக்கூடும். அவ்வினாவை மனத்தில் வைத்துக்கொண்டே பயணத்தைத் தொடர்வோம்.

படகு கரையைவிட்டு நகர்கிறது. சிறிது தொலைவு சென்றதும் நீரின் நிறம் மாறுகிறது. ஆழமான இடம் கருநீலம். மணல் அடித்தளமாக உள்ள இடம் இளம்பச்சை. கடற்புல் வளர்ந்த இடம் கரும்பச்சை. பழுப்பு நிறம் படர்ந்த இடத்தில் பாறை இருக்கிறது. படகோட்டி இந்நிறங்களை நாம் நூலின் எழுத்துகளைப் படிப்பதுபோற் படிக்கிறார். ஓதம் வற்றிய வேளையில் பாறை நீர்மட்டத்துக்கு மிக அருகில் வந்துவிடும். அதனை அறியாது சென்றால் படகின் அடி கிழியும். அதைவிட, நூறாண்டு வளர்ந்த பவளம் ஒரு நொடியில் நொறுங்கும்.

பவளம் என்றவுடன் கழுத்தில் அணியும் செந்நிற மணி நம் நினைவுக்கு வரும். அணிகலனுக்குப் பெயர்பெற்ற அச்செம்பவளம் மத்தியதரைக் கடலைச் சேர்ந்தது. இங்கே பாறைகளை அமைத்துள்ள பவளங்கள் வேறு இனத்தவை. பவளம் செடியன்று, கல்லும் அன்று, மிகச் சிறிய மென்னுடல் உயிர். அதன் வாயைச் சுற்றிப் பூவிதழ்கள்போல் நுண்ணிய கைகள் உள்ளன. அது கடல்நீரிலிருந்து சுண்ணாம்பைப் பிரித்தெடுத்துத் தன்னைச் சுற்றி ஒரு கிண்ணம் கட்டிக்கொள்கிறது. ஆயிரக்கணக்கான உயிர்கள் அடுத்தடுத்துக் கட்டிய கிண்ணங்கள் சேர்ந்தே ஒரு பவளத் திரள் ஆகிறது. பழையவை இறக்க, அவற்றின் சுண்ணாம்பின்மேல் புதியவை கட்டுகின்றன. மான்கொம்புபோல் கிளைப்பவை சற்று விரைவாக வளரும். உருண்டு திரண்டு வளர்பவை ஆண்டுக்கு ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டரே வளரும். மன்னார் வளைகுடாவில் இத்தகைய கடினப் பவளங்களில் 117 வகைகள் கண்டறியப்பட்டுள்ளன.

பவளத்தின் உடலினுள்ளே கண்ணுக்குப் புலனாகாத நுண்பாசிகள் குடியிருக்கின்றன. அவை கதிரொளியைக் கொண்டு உணவு சமைத்து, அதில் பெரும்பங்கைப் பவளத்துக்கு வழங்குகின்றன. பவளமோ அவற்றுக்கு இருப்பிடம் அளிக்கிறது. பவளத்துக்கு நிறம் தருவனவும் இப்பாசிகளே. ஒளி வேண்டும் என்பதனால்தான் இப்பவளங்கள் ஆழமற்ற, தெளிந்த, வெதுவெதுப்பான நீரில் மட்டும் செழித்து வளர்கின்றன. சேறு படிந்தால் ஒளி குன்றும், பவளம் நலியும்.

தீவுக்குச் சற்று வெளியே வெண்ணுரைக் கோடு ஒன்று தெரிகிறது. பெருங்கடலின் அலை அங்கே மோதி உடைகிறது. அவ்வெள்ளைக் கோட்டுக்கு அப்பால் கடல் பொங்குகிறது. இப்பால் கண்மாய் நீர்போல் அமைதியாக இருக்கிறது. அக்கோட்டுக்குக் கீழே இருப்பது பவளப்பாறை. மண்திட்டும் அதுவே தந்தது. பாறை உடைந்த துண்டுகளும் சிப்பி ஓடுகளும் மணலும் அலையால் ஒதுக்கப்பட்டுப் பாறைமேல் குவிந்ததனால் உண்டானவையே இத்தீவுகள். ஆக, பாறை தீவுக்குத் தாயும் ஆகிறது, வேலியும் ஆகிறது.

நம் ஊர்க் கண்மாயின் கரையை நினைத்துப் பாருங்கள். அதில் ஒருவன் ஒரு கூடை மண்ணை வெட்டினாலும் ஊரார் தட்டிக் கேட்பர். ஒரு கூடை மண்ணின் விலையை எண்ணியா கேட்கின்றனர்? இன்று ஒருவன் ஒரு கூடை எடுத்தால் நாளை பத்துப் பேர் பத்துக் கூடை எடுப்பர். மழை வரும் நாளில் கரை அவ்விடத்தில்தான் உடையும். கண்மாய்க்குக் கரை எப்படியோ, தீவுக்குப் பவளப்பாறை அப்படி. படகில் எழுந்த வினாவுக்கு விடை இங்கே தொடங்குகிறது.

குருசடைத் தீவை நெருங்குகிறோம். வெண்மணற்கரையும், அதற்குப்பின் தழைத்த மரங்களும், நீர் புகுந்த இடங்களிற் கண்டல் மரங்களும் தோன்றுகின்றன. கண்டலின் வேர்கள் சேற்றுக்குமேல் எழுந்து வளைந்து நிற்கின்றன. உப்புநீரில் மூச்சுத் திணறாதிருக்க அவ்வேர்கள் காற்றை வாங்குகின்றன. அவற்றின் இடுக்குகளில் மீன்குஞ்சுகளும் நண்டுகளும் பகைக்கு அஞ்சாது வளர்கின்றன. இத்தீவை உயிரியலார் தம் சொர்க்கம் என்று போற்றுவர். இங்குள்ள கரையோர உயிரினங்களைக் குறித்துச் சென்னை அரசு அருங்காட்சியகம் 1927இலேயே ஒரு நூல் வெளியிட்டது. மணலில் வளை தோண்டி வாழும் பலனோகிளாசசு என்னும் புழுப் போன்ற உயிர் இங்கே உள்ளது. முதுகெலும்பற்ற உயிர்களுக்கும் முதுகெலும்புள்ளவற்றுக்கும் உள்ள உறவை ஆராய்வோர்க்கு அது அரிய சான்று. நாம் மிதிக்கும் மணலுக்கடியில் அத்தகைய உயிர் இருக்கிறது என்பதை அறிந்தவன் கால் வைக்கும்பொழுதே சற்று எண்ணி வைப்பான்.

அண்மையிலுள்ள புள்ளிவாசல், பூமரிச்சான் ஆகிய தீவுகள் கண்ணுக்குத் தெரிகின்றன. இடையிலுள்ள ஆழமற்ற கடலில் கடற்புல் மேய்ச்சல் நிலம்போற் பரந்துள்ளது. மீனவர் ஆவுளியா என்று அழைக்கும் கடற்பசு இப்புல்லைத்தான் மேய்கிறது. அது மீனன்று, காற்றை மூச்சிழுத்து, கன்றுக்குப் பாலூட்டும் விலங்கு. வளர்ந்த கடற்பசு நாளொன்றுக்கு 30, 40 கிலோ புல் மேயும். ஓர் ஈற்றில் ஒரு கன்றே ஈனும். அடுத்த கன்றுக்குச் சில ஆண்டுகள் கழியும். ஆதலின், ஒன்றை இழந்தால் அவ்விடம் நிரம்புவது அரிது. கடற்பசுவைக் காப்பதற்கென்றே பாக்கு விரிகுடாவில் 448 சதுர கிலோமீட்டர் பரப்பைத் தமிழக அரசு 2022இல் காப்பகமாக அறிவித்தது; இந்தியாவில் இத்தகையது இதுவே முதலாவது. பேராமை, அழுங்காமை, பங்குனி ஆமை முதலியனவும் இக்கடலில் வாழ்கின்றன. இவற்றுள் ஒன்றையும் காணாமலே நாம் திரும்பக்கூடும். விலங்குக் காட்சிச்சாலையில் விலங்கு நமக்காகக் காத்திருக்கும். கடலிலோ நாமே அதன் வரவுக்குக் காத்திருக்க வேண்டும்.

தொடக்கத்தில் 21 தீவுகள் என்றோம். அக்கணக்கு ஏட்டில் உள்ளது. கடலில் எண்ணினால் 19 தீவுகளே காணப்படும். கீழக்கரைத் தொகுதியைச் சேர்ந்த பூவரசன்பட்டியும், தூத்துக்குடித் தொகுதியைச் சேர்ந்த விலங்குசல்லியும் நீருள் மறைந்தன. இஃது எவ்வாறு நேர்ந்தது? நம் பகுதியில் சுக்காங்கல்லைச் சூளையிற் சுட்டுச் சுண்ணாம்பு நீற்றினர். கடற்கரையில் பவளக்கல்லைச் சுட்டனர். வீடு கட்டவும், சுண்ணாம்பு ஆக்கவும், தொழிற்சாலைகளுக்கு மூலப்பொருளாக அனுப்பவும் பல்லாண்டுகள் பவளப்பாறையை உடைத்துப் படகு படகாக ஏற்றினர். உடைத்தவர் கொடியவர் அல்லர்; அன்றாட வயிற்றுப்பாட்டுக்கு உழைத்தவர். வாங்கியவரும் வீடு கட்டிக்கொண்ட எளிய மக்களே. எவரும் ஒரு தீவை அழிக்க எண்ணவில்லை. ஒவ்வொருவரும் சில கற்களை எடுத்தனர். அவ்வளவே. வேலி தாழ்ந்தது, அலை தடையின்றி வந்து கரையை அரித்தது, உயரும் கடல்மட்டமும் சேர்ந்துகொண்டது, தீவு கரைந்தது. பவளங்களை எடுத்தல் 2001இல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின்படி கடுங்குற்றமாக்கப்பட்டது. சில ஆண்டுகளில் உடைப்பும் நின்றது. ஆயினும், மூழ்கிய தீவுகள் மீளவில்லை.

கல்லை உடைப்பது நின்றபின் வேறொரு துன்பம் வந்துள்ளது. கடல்நீரின் வெப்பம் வழக்கமான கோடை உச்சத்தைவிட ஒரு பாகை கூடிச் சில வாரங்கள் நீடித்தால், பவளம் தன்னுள் வாழும் பாசிகளை வெளியேற்றிவிடும். நிறம் போய் வெளுக்கும், உணவின்றி வாடும். வெப்பம் விரைவில் தணிந்தால் பாசிகள் மீண்டும் குடியேறும்; தணியாவிடில் பவளம் மடியும். 1998, 2010, 2016 ஆகிய ஆண்டுகளில் மன்னார் வளைகுடாவில் பெருமளவில் இவ்வெளுப்பு நேர்ந்தது. இதனைப் படகோட்டியோ மீனவரோ தடுக்க இயலாது. உலகெங்கும் எரிக்கப்படும் நிலக்கரியும் எண்ணெயும் கடலைச் சூடாக்குகின்றன. அவற்றுள் நம் ஊரில் எரிவதும் அடங்கும்.

எனினும், முயற்சி கைவிடப்படவில்லை. தூத்துக்குடிக்கு அருகே மிகவும் சுருங்கிப்போன வான் தீவைக் காப்பதற்கு, 2015 முதல் துளைகளையுடைய கற்காரைக் கட்டமைப்புகளைக் கடலடியில் நிறுத்தினர். அவை அலையின் வேகத்தை உடைக்கின்றன. மணல் மீண்டும் ஒதுங்குகிறது. மீன்கள் அவற்றில் குடிபுகுகின்றன. பவளத் துண்டுகளை நாற்றுப்போல் நட்டு வளர்க்கும் பணியும் நடைபெற்று வருகிறது. இயற்கை விலையின்றிக் கட்டித் தந்த வேலியை மனிதன் பெரும்பொருள் செலவிட்டுச் சிறிது சிறிதாகக் கட்ட வேண்டியுள்ளது.

தீவுகளைப் பற்றிப் பேசும்பொழுது அவற்றை நம்பி வாழ்ந்தோரை மறத்தல் தகாது. குந்துகாலுக்கு அருகே சின்னப்பாலம் என்னும் மீனவர் ஊர் உள்ளது. அவ்வூரிலும் அண்டை ஊர்களிலும் பெண்கள் தலைமுறை தலைமுறையாகக் கடலுள் மூழ்கிப் பாசி எடுப்பவர். விரல்களில் துணியைச் சுற்றிக்கொண்டு, கால்களில் தகட்டைக் கட்டிக்கொண்டு, மூச்சை அடக்கி மூழ்கிப் பாறைகளிலிருந்து மரிக்கொழுந்துப் பாசியைப் பறிப்பர். கூழ்ப்பொருள் செய்யும் ஆலைகளுக்கு அது செல்கிறது. தீவுகள் பூங்காவாக அறிவிக்கப்பட்டபின், தம் பாட்டியும் தாயும் பாசி எடுத்த இடங்களுக்கு அவர்கள் செல்வது தடைப்பட்டது. கடலைக் காக்க வேண்டியது உண்மை. அக்காப்பின் சுமை முதலில் ஏழைகளின் தோளில் இறங்கியதும் உண்மை.

அப்பெண்கள் சினந்து நின்றதோடு அமையவில்லை. மாதத்தில் 12 நாள் மட்டுமே பாசி எடுப்பது, பாசியும் மீனும் பெருகும் காலத்தில் விட்டுவைப்பது, பாறையைச் சுரண்டும் இரும்புக் கருவிகளை நீக்குவது எனத் தமக்குத் தாமே கட்டுப்பாடு விதித்துக்கொண்டனர். அவர்களுள் ஒருவரான சின்னப்பாலத்துப் பெண்மணிக்கு, தீவுகளின் இயற்கையைக் காப்போர்க்கென அளிக்கப்படும் பன்னாட்டுப் பரிசொன்று 2015இல் கிடைத்தது. சுற்றுலாப் பயணி ஒரு பகலுக்கு வந்து செல்கிறவர். கடலில் வாழ்வு நடத்துவோரே விட்டுக்கொடுத்திருக்கும்பொழுது, ஒரு பகலுக்கு வருவோர் ஒரு சிப்பியை விட்டுக்கொடுத்தல் பெரிதோ? சுற்றுலாவால் வரும் பொருளில் அம்மக்களுக்கும் பங்கு கிடைப்பதே முறை. இம்மாவட்டத்திலேயே, பாக்கு விரிகுடாக் கரையிலுள்ள காரங்காட்டில் அலையாத்திக் காட்டினூடே செல்லும் படகுப் பயணத்தை ஊர்மக்களைக் கொண்டே நடத்துகின்றனர். கடல் உயிரோடு இருந்தால்தான் தம் அடுப்பு எரியும் என்பதை அறிந்தவரைவிடச் சிறந்த காவலர் யாவர்?

பிற நாட்டவரும் இப்பாடத்தைக் கற்றுள்ளனர். தாய்லாந்தில் பீபீ லே என்னும் தீவில் மாயா விரிகுடா என்னும் அழகிய கரை உண்டு. நாள்தோறும் ஆயிரக்கணக்கானோர் படகுகளில் வந்து குவிந்தமையால் அங்கிருந்த பவளங்கள் பெரிதும் அழிந்தன. அரசு 2018இல் அவ்விடத்தை மூடியது. மூன்று ஆண்டுகளுக்கு மேல் ஓய்வு பெற்ற அவ்விரிகுடாவில் பவளங்கள் நடப்பட்டன. சுறாக்கள் திரும்பி வந்தன. 2022இல் மீண்டும் திறந்தபொழுது, படகுகள் விரிகுடாவினுள் நுழையாமல் தீவின் பின்புறம் நிற்க வேண்டும் என்று விதித்தனர். நம் நாட்டு அந்தமானில், வாண்டூரிலிருந்து படகிற் செல்வோர்க்குச் சாலி பாய், ரெட் சுகின் என்னும் இரு தீவுகளை ஆண்டின் ஒரு பகுதியில் ஒன்று, மறுபகுதியில் மற்றொன்று என மாற்றி மாற்றித் திறக்கின்றனர். கரிசல் உழவன் நிலத்தைத் தரிசு போட்டு ஆற்றுவதுபோன்ற அறிவே இது.

கடற்காற்று வலுக்கத் தொடங்கிவிட்டது. வழிகாட்டி அழைக்கிறார், படகு குந்துகாலுக்குத் திரும்புகிறது. நாம் கொண்டுசென்ற நீர்ப்புட்டியும் உணவுப் பொதியின் தாளும் நம் பையிலேயே உள்ளன. கைகளில் சிப்பி இல்லை, கல் இல்லை. “ஒரு கல்லை எடுத்தால் என்ன குறைந்துவிடும்?” என்ற வினாவுக்குப் பூவரசன்பட்டியும் விலங்குசல்லியும் நீருக்கடியிலிருந்து விடை கூறிவிட்டன.

மறுநாள் விடியலில் ஊர் வந்து சேர்கிறோம். தேவன்குறிச்சி மலை அதே இடத்தில் நிற்கிறது. கண்மாய்த் திட்டில் நாரைகள் அமர்ந்திருக்கின்றன. முன்பு அவற்றைக் கண்டால் கல்லைத் தேடிய கை இன்று தேடாது. கண் மட்டும் அவற்றை நோக்கி நிற்கும். காண்பதற்குச் சென்ற இடத்தை, நமக்குப்பின் காண வருவோர்க்கும் அங்கேயே வாழ்வோர்க்கும் குறைவின்றி விட்டு வருதலே பயணத்தின் அறம். அது மன்னார் வளைகுடாவின் தீவுக்கும் பொருந்தும். நம் ஊர்க் கண்மாயின் திட்டுக்கும் பொருந்தும்.